பசிக்கண்

காபி ஆறுவதற்குள் எதிர்த்தீவு காணாமல் போயிற்று. வடக்கே கருப்பாக ஒன்று திரண்டு வருவதைக் காலையிலேயே பார்த்தேன். சாயங்காலம் வரை பொறுக்கும் என்று நினைத்தேன். எங்கள் ஃபாரோ தீவுகளில் டிசம்பர் மாதத்துச் சாயங்காலம், மதியச் சாப்பாட்டுத் தட்டைக் கழுவிக் கவிழ்ப்பதற்குள் வந்துவிடும். அன்றைக்கு இருட்டும் பனியும் சேர்ந்தே வந்தன. பனி மேலிருந்து விழவில்லை. கடலிலிருந்து படுக்கையாக வந்து சன்னலில் அறைந்தது.

அந்தப் பனிக்கு அப்பால் ஒரு மோட்டார் படகு வந்துகொண்டிருந்தது. என் மகள் சோல்ருனைக் கட்டிக்கொள்ளப் போகிற ஹோக்னி அதில் இருந்தான். கூடவே அவன் அண்ணன்மார், சித்தப்பா, கல்யாணத்தை நடத்திவைக்க வேண்டிய பாதிரியார். கல்யாணம் சனிக்கிழமை. கடலை நம்ப முடியாது, கொஞ்சம் முன்னதாகவே போய்விடலாம் என்று கிளம்பியிருந்தார்கள். என்ன ஒரு முன்யோசனை.

ஸ்கார்விக் முனையில் இருக்கும் கலங்கரை விளக்கம் என் பொறுப்பு. என் புருஷன் போன பிறகு தலைநகரில் இருக்கிறவர்கள் வேறு ஆள் தேடாமல் என்னையே இருக்கச் சொல்லிவிட்டார்கள். இந்த ரன்வா ஒழுங்காகப் பார்த்துக்கொள்வாள் என்பதால் அல்ல. இந்தக் காற்றில் வந்து குடியிருக்க வேறு யாருக்கும் பைத்தியம் பிடிக்கவில்லை.

விளக்கு என்றதும் திரியும் மண்ணெண்ணெயும் என்று நினைத்துவிடாதீர்கள். அது என் மாமனார் காலத்தோடு போயிற்று. ஒரு டேனிஷ்காரர், கண்ணாடி அறுத்து மெருகு போடுகிறவர், பெட்டி பெட்டியாகக் கொண்டுவந்து பூட்டிவிட்டுப் போனது இது. ஆளுயரத்துக்கு வட்டமாக அடுக்கிய கண்ணாடிப் பட்டைகள். நடுவில் கருப்புக்கல் மேடை. மேடைக்கு மேலே பித்தளை மூடி, அதைத் தூக்க ஒரு கைப்பிடி. மேடையில் ஒரு பொருளை வைத்து மூடியைத் தூக்கினால், அதற்கு இனிமேல் நடக்கவேண்டிய காலம் அப்போதே நடக்க ஆரம்பிக்கும். அந்தக் காலத்தின் சக்திதான் கண்ணாடி வழியே வெளிச்சமாகக் கடலுக்குப் போகும். எப்படி என்று என்னைக் கேட்காதீர்கள். டேனிஷ்காரர் விழுந்து விழுந்து விளக்கினார், என் புருஷன் தலையை ஆட்டினார், வீட்டுக்கு வந்து தனக்கு ஒரு மண்ணும் புரியவில்லை என்றார்.

புரிந்தது இவ்வளவுதான். கல்லையும் இரும்பையும் வைத்தால் வெளிச்சம் வராது. மாறுகிற பொருள் வேண்டும்: பச்சைக்கறி, பால், பிசைந்த மாவு. மாறி முடிந்த பொருளில் எரிய ஒன்றும் இல்லை. மூடியைக் கொஞ்சம் தூக்கினால் மெதுவாகத் தின்னும், மங்கலாக எரியும். முழுக்கத் தூக்கினால் அள்ளித் தின்னும், பகல் மாதிரி எரியும். ஊரில் இதற்குப் பசிக்கண் என்று பெயர் வைத்தார்கள்.

ஊர் இதை ஏற்றுக்கொண்டது வெளிச்சத்துக்காக அல்ல, கறிக்காக. இலையுதிர்காலத்தில் ஆடு அடித்ததும் தொடைகளைக் காற்றுக் கொட்டகையில் தொங்கவிட்டு, அவை புளித்துக் காய்ந்து மணமேறுவதற்கு மாதக்கணக்கில் காத்திருப்பது எங்கள் வழக்கம். இப்போது ஒவ்வொரு வீடும் தன் தொடைகளை விளக்குக் கொட்டகைக்கு அனுப்பிவிடும். ஒரு தொடையை மேடையில் வைத்தால் அது பக்குவமாகி முடிகிறவரை விளக்கு எரியும். அரசாங்கத்துக்கு எண்ணெய்ச் செலவில்லை, ஊருக்குக் காத்திருப்பு இல்லை. கண்ணாடியில் பழுத்த கறியில் காற்றின் ருசி இல்லை என்று குறை சொல்லிக்கொண்டே இரண்டாவது துண்டுக்குக் கை நீட்டுகிறவர்கள் ஸ்கார்விக்கில் நிறையப் பேர்.

அன்றைக்கு இருட்டத் தொடங்கியதும் கொட்டகைக்குப் போய் ஒரு தொடையை எடுத்துவந்து மேடையில் வைத்தேன். மூடியைத் தூக்கினேன். கண்ணாடியில் ஒரு மினுக்கு. அவ்வளவுதான். மறுபடி இருட்டு.

மூடி சிக்கிக்கொண்டது என்றுதான் முதலில் நினைத்தேன். கீழே ஓடி இன்னொரு தொடையைத் தூக்கிவந்தேன். அதே மினுக்கு. மூன்றாவதை எடுக்கும்போது சளி பிடித்திருந்த மூக்கை அதில் வைத்து அழுத்தி மோந்து பார்த்தேன். பழுத்த வாடை. லாந்தரை உயர்த்திப் பின்வரிசையைப் பார்த்தேன். ஒவ்வொன்றும் கருத்து, பூசணம் துடைத்த அடையாளத்தோடு தொங்கியது. அது வரைக்கும் முன்வரிசையிலிருந்துதான் எடுத்துக்கொண்டிருந்தேன். முன்வரிசை முந்தின நாளோடு தீர்ந்திருந்தது.

சமையலறையில் என் அக்கா மலேனா முழங்கை வரை மாவோடு நின்றாள். கல்யாண விருந்து முழுவதும் அவள் பொறுப்பு. அவளாக எடுத்துக்கொண்டது, யாரும் கொடுக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமை நானும் சோல்ருனும் தேவாலயத்துக்குப் போனபோது காலில் வலி என்று அவள் வீட்டில் தங்கியதும், திரும்பி வந்தபோது விளக்கறையின் புயல் பலகைகள் சாத்தியிருந்ததும் எனக்கு அப்போதுதான் சேர்ந்து ஞாபகம் வந்தன.

"கொட்டகைக் கறியை எல்லாம் கண்ணாடியில ஓட்டிட்டியாக்கா?"

அவள் திரும்பவில்லை. "பின்ன? இந்த வருஷம் காத்தும் சரியில்ல, ஒண்ணும் பழுக்கல. மாப்ள வீட்டுக்காரங்க முன்னாடி பச்சைக்கறியை வெக்கச் சொல்றியா? நீல்ஸ் வீட்டுக் கல்யாணத்துல வெச்சாங்களே, இன்னிக்கும் அதைப் பாட்டு கட்டி ஆடுறாங்க."

"விளக்குக்கு என்ன பண்றது?"

"தெளிஞ்ச வானமாத்தான இருந்துச்சு. நாளைக்கு ஊர்ல யாராவது ஆடு அடிப்பாங்க, கேட்டு வாங்கிக்கலாம்னு..." அப்போதுதான் சன்னல் பக்கம் பார்த்தாள்.

ஒரு வருஷத்து வெளிச்சத்தை, சாத்திய பலகைகளுக்குப் பின்னால், யாருக்கும் தெரியாமல், ஒரு பிரசங்க நேரத்தில் எரித்துவிட்டிருந்தாள் என் அக்கா. எல்லாம் ஒரு வட்ட ஆட்டத்தில் யாரும் நம்மைக் கேலி செய்து பாடிவிடக் கூடாதே என்று. திட்டுவதற்கு என்னிடம் வார்த்தைகள் ஏராளமாக இருந்தன. அதற்குள் கடலிலிருந்து கொம்பு ஊதும் சத்தம் கேட்டது.

சோல்ருன் மாடியில் கல்யாண உடுப்புக்கு வெள்ளிப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள். ஊசியோடு இறங்கி வந்தாள். அவளுக்கு நான் ஒன்றும் விளக்க வேண்டியிருக்கவில்லை. விளக்கு வீட்டில் பிறந்தவள். வாசலில் நின்று கொம்புச் சத்தத்தைக் கேட்டாள். "முனைக்கு வடக்கால இருக்காங்க," என்றாள். "நீரோட்டம் திரும்பிருச்சு."

எங்கள் குடாவின் வாயில் பன்றி என்று ஒரு பாறை உண்டு. அலை தாழும்போது முதுகு மட்டும் தெரியும், மற்ற நேரம் அதுவும் தெரியாது. நீரோட்டம் திரும்பினால் வடக்கே இருக்கும் எதையும் நேராக அதன்மேல் கொண்டுபோய்ப் போடும். விளக்கு தெரிந்தால் அதை இடது தோளுக்கு நேரே வைத்துக்கொண்டு பாறைக்கும் முனைக்கும் நடுவே நுழைந்துவிடலாம். விளக்கு தெரியாவிட்டால் திரும்பிப் போகவும் முடியாது, அந்த எஞ்சினுக்கு அந்த நீரோட்டத்தை எதிர்க்கிற தெம்பு கிடையாது. ஊர் ஆண்கள் குடாவின் உள்ளே படகுத்துறையில் தார்ப்பீப்பாய் கொளுத்தியிருப்பார்கள். அந்தப் பனியில் பக்கத்தில் நிற்கிறவனுக்குக்கூட அது தெரிந்திருக்காது.

சோல்ருன் மாவுத் தொட்டியைத் தூக்கிக்கொண்டு படியேறினாள். அவள் கல்யாண ரொட்டிக்கான மாவு. மேடையில் கவிழ்த்தாள், நான் மூடியைத் தூக்கினேன். மாவு உப்பியது, வழிந்தது, அமுங்கியது, புளித்து நீலம் பூத்தது, காய்ந்து வெடித்துத் தூளாயிற்று. அது வரைக்கும் வெள்ளையாக ஒரு வெளிச்சம் பனிக்குள் போனது. கடலிலிருந்து கொம்பு உடனே பதில் சொன்னது. இரண்டு நீட்டல். பார்த்துவிட்டோம், வருகிறோம் என்று அர்த்தம்.

அந்தச் சத்தத்தைக் கேட்டதும்தான் என்ன செய்துவிட்டோம் என்று எனக்கு உறைத்தது. இது வரைக்கும் அவர்கள் எஞ்சினைத் தணித்துத் தயங்கி வந்திருப்பார்கள். இப்போது விளக்கை நம்பிப் பன்றிக்கும் முனைக்கும் நடுவே இருக்கும் வாய்க்கால் பக்கம் தலையைத் திருப்பிவிட்டார்கள். இனி விளக்கு அணைந்தால் அது இல்லாமலே இருந்ததைவிடக் கேடு.

பால் குடத்தைக் கொண்டுவந்தோம். முட்டைகளைக் கொண்டுவந்தோம். உருளைக்கிழங்குச் சாக்கு, சுவரில் கட்டிவைத்திருந்த பச்சை இலைத் தோரணம், அடுப்பில் பாதி வெந்த மீன், எல்லாம் மேடைக்குப் போயின. ஒவ்வொன்றும் கொஞ்சம் கொஞ்சம் எரிந்து நாற்றமும் தூளுமாக முடிந்தது. நடுநடுவே இருட்டு. இருட்டு வரும்போதெல்லாம் கொம்பு ஊதினார்கள், ஒவ்வொரு முறையும் கிட்டத்தில்.

"லார்ஸ் வீட்டுல கன்னுக்குட்டி இருக்கு," என்றாள் மலேனா. முகம் சுண்ணாம்பாக இருந்தது. உயிருள்ளதை மேடையில் ஏற்றக் கூடாது என்று டேனிஷ்காரர் எச்சரித்திருந்தார். ஒரு தடவை கோழி ஒன்று தானாக ஏறிக் கிழடாகி இறங்கியதை நாங்கள் மூவருமே பார்த்திருக்கிறோம். கன்றுக்கு முழு ஆயுசு பாக்கி இருக்கிறது. அது படகு உள்ளே வருகிற வரைக்கும் தாங்கும். நான் போ என்று சொல்வதற்குள் அவள் போர்வைகூட எடுக்காமல் பனிக்குள் ஓடினாள். லார்ஸ் வீடு ஊரின் இந்தக் கடைசியில்தான் இருக்கிறது. ஆனாலும் மேடும் பள்ளமும், எதிர்க்காற்று, அவளுக்கு அறுபது வயது. உண்மையிலேயே காலில் வலியும் உண்டு.

கடைசி உருளைக்கிழங்கு அணைந்தது. மேடையில் வைக்க இனி எதுவும் இல்லை. பன்றியின்மேல் அலை உடைகிற சத்தம் விளக்கறைக்குள் கேட்டது. அந்தச் சத்தத்துக்குப் பக்கத்திலேயே எஞ்சினின் டக்டக்.

நான் செருப்பைக் கழற்றிவிட்டு மேடையில் ஏறி உட்கார்ந்தேன்.

சோல்ருன் என்னைத் தடுக்கவில்லை. தடுப்பாள் என்று நினைத்தேன், கொஞ்சம் வருத்தமாகக்கூட இருந்தது. ஆனால் அவள் காது கடலில் இருந்தது. கைப்பிடியைப் பிடித்து இழுத்தாள். உள்ளே இருக்கிறவருக்கு வலி என்று ஒன்றும் இல்லை. நீண்ட காய்ச்சலில் கிடந்து எழுந்த மாதிரி ஒரு களைப்பு, வாய் உலர்கிறது, நகம் விரலைவிட்டு நகர்வது தெரிகிறது. நான் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பழுத்த கறிக்கு வருகிற அதே மஞ்சள் மினுக்கல் அதில் தெரிந்தது. அவள் மூடியை முழுவதும் தூக்கிப் பார்த்தாள். அப்போதும் அதே மஞ்சள்தான்.

மூடியை இறக்கிவிட்டு என்னைப் பார்த்தாள். இரண்டு பேருக்கும் ஒரே நேரத்தில் புரிந்தது. எனக்கு ஐம்பதுதான் ஆகிறது, பல்லெல்லாம் கெட்டியாக இருக்கிறது, படி ஏறினால் மூச்சு வாங்காது. ஆனால் என்னிடம் மிச்சமிருந்தது அவ்வளவுதான். அதனால்தான் இதை இப்போதே எழுதிவைக்கிறேன், தள்ளிப்போட எனக்கு வசதியில்லை.

"எறங்கும்மா," என்றாள் சோல்ருன்.

"நீ ஏறக் கூடாது."

"கன்னுக்குட்டி வர்ற வரைக்குந்தான். வந்ததும் மூடிரு, நான் எறங்கிடறேன்."

"அது எப்ப வரும்னு யாருக்குத் தெரியும்?"

"அவன் எங்க இருக்கான்னு எனக்குத் தெரியுதுல்ல," என்றாள். "கேளு. பன்னிக்கு இந்தப் பக்கம் இல்ல அவங்க. இன்னும் அந்தப் பக்கந்தான் இருக்காங்க."

கேட்டேன். அவள் சொன்னது சரி. என்னைத் தோளைப் பிடித்து இறக்கினாள். அவளுக்கு இருபத்தொரு வயது, என்னைத் தூக்கிவைப்பது அவளுக்கு ஒரு பொருட்டே இல்லை. மேடையில் கால்களை மடித்து உட்கார்ந்து பாவாடையை ஒழுங்குபடுத்திக்கொண்டாள், யாரோ பார்க்கப்போகிற மாதிரி. நான் கைப்பிடியைப் பிடித்தேன். எப்படி இழுத்தேன் என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு தாய் அதைச் செய்வாளா என்று நீங்கள் கேட்கலாம். நானும் கேட்டுக்கொண்டுதான் இழுத்தேன்.

அப்படி ஒரு வெளிச்சத்தை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. மஞ்சள் இல்லை, வெள்ளையும் இல்லை, நீலம் கலந்த ஒன்று. பறந்துகொண்டிருந்த பனித்துகள் ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிந்தது. கடல் தெரிந்தது. பன்றியின் முதுகு தெரிந்தது. அதற்கு அந்தப் பக்கம், அலை உடைகிற நுரைக்கு ஒட்டினாற்போல, படகு தெரிந்தது. ஒருவன் முன்னால் நின்று கையை வீசினான். படகின் மூக்கு மெல்லத் திரும்பியது. நீரோட்டத்துக்குக் குறுக்கே அது வந்த வேகம் மாடு சேற்றில் நடக்கிற வேகம்.

நான் படகையும் பார்த்தேன், இவளையும் பார்த்தேன். பின்னல் அவிழ்ந்து கூந்தல் இடுப்பைத் தாண்டி வளர்ந்தது. கன்னத்தில் இருந்த சதை வடிந்தது. கண்ணோரம் கோடுகள் விழுந்தன. காதோரம் நரை தொடங்கி மேலே ஏறியது. கண்ணைத் திறந்தே வைத்திருந்தாள், என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பாதையில் லாந்தர் வெளிச்சம் ஏதாவது ஆடுகிறதா என்று நான் சன்னல் வழியே பார்த்தேன். ஒன்றுமில்லை. கன்றும் இல்லை, மலேனாவும் இல்லை.

அந்த நேரத்தில் படகில் இருந்த எல்லாரையும் நான் வெறுத்தேன். பாதிரியாரையும் சேர்த்துத்தான். அவர்கள் முழுகினால் முழுகட்டும், ஒரு வருஷம் அழுதுவிட்டு இவள் வேறு ஒருவனைக் கட்டிக்கொள்வாள், இருபத்திரண்டு வயதில் கட்டிக்கொள்வாள் என்று மனசு கணக்குப் போட்டது. என் கை தானாக மூடியை இறக்கியது. வெளிச்சம் பாதியாகச் சுருங்கியது. வெளியே படகின் மூக்கு உடனே தடுமாறிப் பாறைப் பக்கம் சாய்ந்தது.

"மூடாதம்மா," என்றாள் சோல்ருன். குரல் மட்டும் மாறவே இல்லை. "மூடுன, அப்புறம் ஒன் மூஞ்சில முழிக்க மாட்டேன்."

சொன்னால் செய்கிற பெண். என் வயிற்றில் பிறந்தது, எனக்குத் தெரியாதா. மறுபடி முழுக்கத் தூக்கினேன். அழுதுகொண்டேதான் தூக்கினேன். படகு நிமிர்ந்தது. அதில் இருந்தவர்கள் துடுப்புகளையும் எடுத்து எஞ்சினோடு சேர்த்து வலிக்க ஆரம்பித்திருந்தார்கள், வெறி பிடித்தவர்கள் மாதிரி வலித்தார்கள். எனக்குக் காரணம் புரியவில்லை. பன்றியின் பக்கவாட்டில் வந்தார்கள். தாண்டினார்கள். முனையின் மறைவுக்குள், எங்கள் விளக்கடிப் படித்துறையின் அமைதியான நீருக்குள், படகு நுழைந்த அந்தக் கணம் மூடியை அடித்து இறக்கினேன்.

விளக்கறை இருண்டது. லாந்தரின் சின்ன வெளிச்சம் மட்டும். மேடையில் என் வயதில் ஒரு பெண் உட்கார்ந்திருந்தாள்.

அவளைப் பிடித்து இறக்கி நாற்காலியில் உட்காரவைத்தேன். கூந்தலை ஒரு கயிற்றால் கட்டினேன். வளைந்த நகங்களைக் கத்தரித்தேன். அதைத் தவிர வேறென்ன செய்வது என்று எனக்குத் தெரியவில்லை.

"எப்படிம்மா இருக்கேன்?" என்று கேட்டாள்.

"என்ன மாதிரியே இருக்க."

"அவ்வளவு மோசமாவா?" என்றாள். சிரிக்கப் பார்த்தாள், உதடு ஒத்துழைக்கவில்லை. நான் அவள் தலையை என் வயிற்றோடு சேர்த்து அணைத்துக்கொண்டேன். என் பிள்ளையின் முப்பது வருஷத்தை என் கையால் அள்ளிக் கடலில் கொட்டியிருந்தேன். பேர்சொல்ல ஒரு பேரப்பிள்ளை இனி இந்த வீட்டில் பிறக்காது. அதெல்லாம் அப்போதே தெரிந்தது, பிறகு யோசித்துத் தெரிந்துகொண்டதல்ல.

கீழே கதவு திறந்து காற்று உள்ளே பாய்ந்தது. கூடவே ஒரு கன்றின் கத்தல். மலேனா வந்துவிட்டாள். படியேற மறுத்த கன்றை அவள் தள்ளுவதும், மூச்சு வாங்குவதும், "இந்தா வந்துட்டேன், இந்தா வந்துட்டேன்" என்று யாரிடமோ கெஞ்சுவதும் கேட்டது. வேண்டாமக்கா, முடிந்துவிட்டது என்று சொல்வதற்காகப் படித்திருப்பம் வரை லாந்தரோடு இறங்கினேன். அதே நேரம் படித்துறையிலிருந்து ஏறிவந்த ஹோக்னி கன்றையும் மலேனாவையும் விலக்கிக்கொண்டு, இரண்டிரண்டு படியாகத் தாவி, சுவரோடு ஒதுங்கி நின்ற என்னைக் கவனிக்காமல் மேலே போய்விட்டான். எண்ணெய்த்துணி உடுப்பிலிருந்து தண்ணீர் ஓடியது. நான் பின்னாலேயே ஏறினேன்.

நான் வாசலுக்கு வரும்போது அவன் நாற்காலியின் முன்னால் மண்டியிட்டிருந்தான். அரை இருட்டில் உட்கார்ந்திருந்தவளின் இரண்டு கைகளையும் பிடித்துத் தன் நெற்றியில் வைத்துக்கொண்டிருந்தான்.

"அத்தை," என்றான். "அது கறி வெளிச்சம் இல்லன்னு படகுல இருந்த எல்லாருக்கும் தெரிஞ்சுபோச்சு. யாரோ ஏறி உக்காந்திருக்காங்கன்னு தெரிஞ்சுது. நீங்களாத்தான் இருக்கும்னு நான் சொன்னேன். அதான் துடுப்பு வலிச்சோம், ஒங்களுக்குக் கொஞ்சமாவது மிச்சம் இருக்கட்டும்னு. அண்ணன் அழுதுகிட்டே வலிச்சான். நாங்க எல்லாம் சேர்ந்தாலும் இதுக்கு ஈடு செய்ய முடியாது அத்தை."

அவள் கையை இழுத்துக்கொள்ளவில்லை. அவன் தலையைத் தூக்கி அறையைச் சுற்றிப் பார்த்தான்.

"சோல்ருன் எங்க? அவ பாத்துக்கிட்டா இருந்தா?"

நான்தான் சொல்லவேண்டும் என்று ஓர் அடி எடுத்துவைத்தேன். என் லாந்தர் வெளிச்சம் அவள் முகத்தில் விழுந்தது.

"இன்னொரு தடவை அத்தைன்னு கூப்ட்ட, ஒன்ன நானே கொண்டுபோய்ப் பன்னி மேல விட்ருவேன்," என்றாள் சோல்ருன்.

அந்தக் குரல் அவனுக்குத் தெரியாமல் இருக்குமா. அவன் முகத்தில் இருந்த சிவப்பு மெல்ல இறங்கியது. அவளைப் பார்த்தான். திரும்பி என்னைப் பார்த்தான். மறுபடி அவளைப் பார்த்தான். கீழே கன்று கத்திக்கொண்டிருந்தது, மலேனாவின் சத்தம் நின்றுவிட்டது. இவனை ஓங்கி ஓர் அறை விடலாமா என்று எனக்குத் தோன்றியது. அவன்மேல் தப்பில்லை என்று தெரிந்தும் தோன்றியது.

சோல்ருன்தான் கையை விடுவித்துக்கொண்டாள். "ஒன்ன யாரும் கட்டாயப்படுத்தலடா," என்றாள். "கன்னுக்குட்டி வர நேரமாயிருச்சு, அவ்வளவுதான். எல்லாரும் காபி குடிங்க. காலைல காத்து எறங்குனதும் ஊருக்குத் திரும்பிப் போலாம். நான் ஒண்ணும் நெனச்சுக்க மாட்டேன்."

கடைசி வார்த்தையில் அவள் குரல் உடைந்தது. அவன் ஈரத் தொப்பியைக் கழற்றித் தரையில் வைத்தான். விட்ட கையை மறுபடி எடுத்துக்கொண்டான். அதில் இருந்த சுருக்கங்களைக் கட்டைவிரலால் தடவினான். அவசரமே இல்லாதவன் மாதிரி தடவினான். பிறகு என் பக்கம் திரும்பினான்.

"பாதிரியாரு கீழதான் நிக்கிறாரு," என்றான். "சனிக்கிழமை வரைக்கும் எதுக்கு அத்தை? இன்னிக்கே பண்ணிக்கறோம். எங்களுக்கு நாள் கம்மியா இருக்கு."

சோல்ருன் அப்போதுதான் அழுதாள். பாதிரியாரை மேலே கூப்பிட நான் படியிறங்கினேன்.